ஒரே ஆர்.சி.சி.பி.யா, மூன்றா, லைனுக்கு ஒன்றா? வீட்டு மின்கசிவுப் பாதுகாப்பில் எதைத் தேர்ந்தெடுப்பது

பழைய டிபி பாக்ஸை, அதாவது வீட்டு மின்சாரத்தை லைன் லைனாகப் பிரிக்கும் பெட்டியைத் திறந்தால் சில வீடுகளில் ஒரு வேடிக்கை தெரியும். மின்கசிவைக் கண்டால் மின்சாரத்தை வெட்டும் ஆர்.சி.சி.பி. இருக்கும், டெஸ்ட் பட்டனும் இருக்கும். ஆனால் மேல்முனைக்கு வரவேண்டிய வயரும் கீழ்முனையிலிருந்து போகவேண்டிய வயரும் ஒன்றாக முறுக்கி ஒரே முனையில் சொருகியிருக்கும். கேட்டால், "மழை வந்தா ட்ரிப் ஆகிக்கிட்டே இருக்கு, அதான் டைரக்ட் பண்ணிட்டோம்" என்பார்கள். காசு கொடுத்து வாங்கி, மாட்டி, பிறகு செல்லாக்காசாக்கி வைத்த பாதுகாப்பு அது.

ஆகவே கருவி வாங்கும்போது எத்தனை மில்லியாம்ப் கசிவில் விழும் (தானாக அணையும்), எந்தக் கம்பெனி என்று கேட்பதற்கு முன்னால், வீட்டை எத்தனை பகுதியாகப் பிரிப்பது என்று யோசிக்க வேண்டும். அடிக்கடி விழுகிற ட்ரிப்பரை யாரும் ஆறு மாதத்துக்கு மேல் பொறுத்துக்கொள்வதில்லை.

பெயர்க் குழப்பத்தை முதலில் தீர்த்துக்கொள்வோம். கடையில் "ஈ.எல்.சி.பி. கொடுங்க" என்று கேட்டால் இன்று கையில் தருவது ஆர்.சி.சி.பி.தான். ஈ.எல்.சி.பி. என்பது எர்த் வயரில் ஏறும் வோல்டேஜைப் பார்த்து விழுந்த பழைய வகை. பெயர் மட்டும் வாயில் தங்கிவிட்டது. எம்.சி.பி. ஓவர்லோடுக்கும் ஷார்ட் சர்க்யூட்டுக்கும் உரியது. ஆர்.சி.சி.பி. கசிவை மட்டும் பார்ப்பது. இரண்டு வேலையையும் ஒரே கருவி செய்தால் அது ஆர்.சி.பி.ஓ.

எம்.சி.பி.யும் நல்ல எர்த்தும் இருந்தால் போதாதா?

போதாது. காரணம் கணக்கில் இருக்கிறது. நம் ஊரில் மின்வாரியம் வீட்டுக்குத் தருவது பேஸும் நியூட்ரலும்தான். எர்த்தை வீட்டுக்காரர்தான் பூமியில் புதைக்கிறார். அந்த எர்த் குழியின் ரெசிஸ்டன்ஸ் 20 ஓம் என்று வைத்துக்கொள்வோம். கோடையில் காய்ந்த மண்ணுக்கு இது மோசமான அளவு இல்லை. ஹீட்டரின் பாடியில் பேஸ் தொட்டுவிட்டால் எர்த் வழியாக ஓடும் கரண்ட் 230-ஐ 20-ஆல் வகுத்தால் வருவது, அதாவது 11.5 ஆம்பியர். 16 ஆம்பியர் எம்.சி.பி.க்கு இது அன்றாட லோடு. அது விழவே விழாது. அதே 16 ஆம்பியர், சி-கர்வ் என்ற வகை எம்.சி.பி. உடனே விழ வேண்டுமானால் 80 முதல் 160 ஆம்பியர் வரை ஓட வேண்டும். இதற்கிடையில் குளியலறைக் குழாய் உட்பட, எர்த்தோடு சேர்ந்த எல்லா உலோகமும் மின்னேறி நிற்கும்.

30 மில்லியாம்ப் ஆர்.சி.சி.பி.க்கு அதே 11.5 ஆம்பியர் மலை போன்றது. அதற்குள் ஒரு வளைய இரும்புக் கோர் உண்டு. பேஸும் நியூட்ரலும் அதன் நடுவே போகின்றன. போன கரண்ட் அப்படியே திரும்பி வந்தால் இரண்டின் காந்தப்புலமும் ஒன்றையொன்று அழித்துக்கொள்ளும். கொஞ்சம் மனித உடல் வழியாகவோ எர்த் வழியாகவோ வேறு பாதையில் போய்விட்டால் கணக்கு இடிக்கும். கோரில் சுற்றிய கம்பிச்சுருளில் மின்னோட்டம் பிறந்து, கொக்கியை விடுவிக்கும். தரநிலைப்படி 30 மில்லியாம்ப் கருவி 15-க்குக் கீழே விழக்கூடாது, 30-இல் விழுந்தாக வேண்டும். 30-இல் 300 மில்லிசெகண்டுக்குள்ளும், ஐந்து மடங்கான 150-இல் 40 மில்லிசெகண்டுக்குள்ளும் விழ வேண்டும்.

ஈரக் கையோடு பேஸைத் தொடுபவரின் உடலை 1,000 ஓம் என்று எடுத்தால் 230 மில்லியாம்ப் ஓடும். அந்த 40 மில்லிசெகண்ட் என்பது 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் இரண்டே அலைகள். இதயத் துடிப்பு நிலைகுலைவதற்குள் மின்சாரம் நின்றுவிடும். ஷாக் அடிக்கும், நன்றாகவே அடிக்கும். உயிரை எடுக்காது என்பதுதான் கருவி தரும் உறுதி. ஏணி மேல் நிற்பவர் அந்த அதிர்ச்சியில் கீழே விழுந்தால் அதற்கு ஆர்.சி.சி.பி. பொறுப்பாகாது.

எர்த் இல்லாத வீட்டிலும் ஆர்.சி.சி.பி. வேலை செய்யும் என்பது உண்மை. ஆனால் எர்த் இருந்தால் ஹீட்டர் பழுதான நொடியிலேயே விழும். எர்த் இல்லாவிட்டால் யாராவது தொட்ட பிறகுதான் விழும். எர்த் குழியும் ஆர்.சி.சி.பி.யும் மாற்று வழிகள் இல்லை, ஒன்றுக்கொன்று துணை. இன்னொன்றும் உண்டு: ஒரு கையில் பேஸ், மறு கையில் நியூட்ரல் என்று பிடித்தால் கருவிக்கு நீங்களும் ஒரு பல்புதான். போனது திரும்பி வருகிறது, கணக்கு சரியாக இருக்கிறது, அது விழாது.

வழி 1: வாசலில் (மின்சாரம் வீட்டுக்குள் நுழையும் இடத்தில்) ஒன்று, 100 அல்லது 300 மில்லியாம்ப்

ட்ரிப் தொல்லை இருக்காது என்று சொல்லி விற்கப்படுவது இது. சொல்வது பொய்யில்லை. ஆனால் இது உயிர் காக்கும் கருவி இல்லை. செருப்புப் போட்டுக்கொண்டு, உலர்ந்த கையோடு தொடுபவரின் பாதையில் மொத்தம் 3,000 ஓம் இருந்தால் ஓடுவது சுமார் 77 மில்லியாம்ப். 100 மில்லியாம்ப் கருவி 50-க்கும் 100-க்கும் இடையில் எங்கே விழும் என்பது அதனதன் ராசி. 77 மில்லியாம்ப் சில நொடிகள் ஓடினால் ஆளை முடித்துவிடும். 300 மில்லியாம்ப் கருவியோ, ஈரக் கையோடு தொட்டவரின் 230 மில்லியாம்பையே பொறுத்துக்கொள்ளக்கூடும்.

300 மில்லியாம்புக்கு வேறு வேலை இருக்கிறது. 230 வோல்ட்டில் 0.3 ஆம்பியர் கசிந்தால் 69 வாட் சூடு. ஈரம் ஏறிய சுவரிலும் எலி கடித்த வயரிலும் அந்தச் சூடு ஒரே புள்ளியில் சேர்ந்தால் தீப்பிடிக்கலாம். அதைத் தடுக்கத்தான் அது. தனி வீட்டில் மீட்டரிலிருந்து டிபி வரைக்கும் நீளமான கேபிள் ஓடுகிறது என்றால் வாசலில் 100 அல்லது 300 மில்லியாம்ப் கருவி வைப்பது நல்லதே, ஆனால் உள்ளே 30 மில்லியாம்ப் இருந்தாக வேண்டும். அப்போதும் வாசலில் வைப்பது 'எஸ்' குறியிட்ட, தாமதித்து விழும் வகையாக இருக்க வேண்டும். சாதாரண 300-ஐ மேலே வைத்தால், ஹீட்டரில் சில ஆம்பியர் கசியும்போது மேலும் கீழும் சேர்ந்தே விழும். எங்கே பழுது என்று தேடுவது இரட்டை வேலையாகும்.

வழி 2: வீடு முழுவதற்கும் ஒரே 30 மில்லியாம்ப்

செலவு குறைவு. டிபி பாக்ஸில் இரண்டு மாட்யூல் (ஒற்றை எம்.சி.பி. பிடிக்கும் இடம் ஒரு மாட்யூல்) இடம் போதும். நியூட்ரல் வயர்கள் எப்படிக் கலந்து கிடந்தாலும் கவலை இல்லை, எல்லாமே ஒரே கருவியின் கீழ் இருப்பதால். ஒரு படுக்கையறை வீடு, பழைய வயரிங், ஏ.சி. ஒன்று அல்லது அதுவும் இல்லை என்றால் இதுவே சரியான தொடக்கம்.

பெரிய வீட்டில்தான் இது சறுக்குகிறது. பழுதே இல்லாத சாதனங்களும் கொஞ்சம் கசியும். கம்ப்யூட்டர், எல்.இ.டி. டிரைவர், இன்வெர்ட்டர் ஏ.சி. ஆகியவற்றின் பவர் சப்ளைக்குள் இரைச்சலை வடிகட்டும் கெபாசிட்டர்கள் எர்த்துக்கு எப்போதும் கொஞ்சம் கரண்டை விட்டுக்கொண்டே இருக்கும். ஹீட்டருக்கு ஒரு மில்லியாம்ப், வாஷிங் மெஷினுக்கு ஒன்று ஒன்றரை, கம்ப்யூட்டருக்கு ஒன்று, மூன்று ஏ.சி.க்குச் சேர்த்து மூன்று நான்கு, ஃபிரிட்ஜ், கிரைண்டர், நீளமான வயரிங் என்று கூட்டினால் 8, 10 என்று எளிதில் வந்துவிடும். கருவியோ 15-ஐத் தாண்டினாலே விழ உரிமை உள்ளது. மீதம் இருக்கும் இடைவெளி 5 மில்லியாம்ப். ஐப்பசி மழையில் கேட் லைட்டுக்குள் இறங்கும் ஈரம் அதை நிரப்பிவிடும். நிலையான கசிவு கருவியின் அளவில் 30 சதவீதத்தை, அதாவது 9 மில்லியாம்பைத் தாண்டக்கூடாது என்பது நடைமுறை விதி.

விழுந்தால் வீடு முழுவதும் இருட்டு. ஊருக்குப் போயிருக்கும்போது கேட் லைட் நனைந்து ட்ரிப் ஆனால் திரும்பி வரும்போது ஃபிரிட்ஜ் நாறும். முதல் பத்தியில் சொன்ன முறுக்கிய வயர் பிறப்பது பெரும்பாலும் இந்த வழியில்தான்.

மூன்று பேஸ் வீட்டில் நான்கு போல் (மூன்று பேஸையும் நியூட்ரலையும் சேர்த்து வெட்டும்) ஆர்.சி.சி.பி. ஒன்றை வைப்பதும் இதே வழிதான், விலைதான் கூடுதல். ஒரு பேஸில் கசிந்தால் மூன்றும் போகும். அதற்குப் பதிலாக பேஸுக்கு ஒன்று வீதம் மூன்று இரண்டு-போல் ஆர்.சி.சி.பி. வைக்கும்படி அமைந்த டிபி பாக்ஸ்கள் கடையில் கிடைக்கின்றன, பி.பி.ஐ. டிபி என்று கேட்கலாம். நியூட்ரல் பட்டையும் அதில் மூன்றாகப் பிரிந்தே வரும். புது வீட்டுக்கு மூன்று பேஸ் என்றால் நான்கு போலைத் தவிர்த்துவிட்டு இதற்குப் போவதே மேல்.

வழி 3: இரண்டு மூன்று குழுக்கள்

நடுத்தர வீட்டுக்கு எங்கள் தேர்வு இது. பிரிப்பதில்தான் கைத்திறன் இருக்கிறது. ஒற்றை பேஸ், இரண்டு படுக்கையறை வீட்டுக்கு இப்படிப் பிரிக்கலாம்:

முதல் குழு, லைட், ஃபேன், இன்வெர்ட்டர்: 25 ஆம்பியர், 30 மில்லியாம்ப், ஏ வகை (இது என்ன என்பது பின்னால் வருகிறது).
இரண்டாவது, அறை பிளக் பாயிண்ட், சமையலறை, ஏ.சி.: 40 ஆம்பியர், 30 மில்லியாம்ப், ஏ வகை.
மூன்றாவது, தண்ணீரோடு பழகும் சாதனங்கள், அதாவது ஹீட்டர், வாஷிங் மெஷின், வெளிவிளக்கு, சம்ப் மோட்டார்: 40 ஆம்பியர், 30 மில்லியாம்ப், ஏ வகை.
ஃபிரிட்ஜுக்கு மட்டும் தனியே ஒரு 16 ஆம்பியர் ஆர்.சி.பி.ஓ.

வம்பு செய்யக்கூடியவை எல்லாம் மூன்றாவது குழுவில் அடைபட்டுவிட்டதைக் கவனியுங்கள். மழைக்கு அது விழுந்தாலும் விளக்கு எரியும், ஃபிரிட்ஜ் ஓடும், யாரும் ஆத்திரத்தில் டைரக்ட் பண்ண மாட்டார்கள்.

ஆர்.சி.சி.பி.யில் எழுதியிருக்கும் 25, 40, 63 ஆம்பியர் என்பது அது தாங்கும் அளவு. அந்த அளவில் அது விழாது. ஓவர்லோடு ஆனால் கருகும். ஆகவே அதற்கு முன்னால் உள்ள எம்.சி.பி. அதே அளவாகவோ குறைவாகவோ இருக்க வேண்டும். 25 ஆம்பியர் ஆர்.சி.சி.பி.க்கு மேல் 40 ஆம்பியர் எம்.சி.பி. மட்டும் இருப்பது அடிக்கடி காணும் தவறு.

இந்த வழியின் விலை பணத்தில் மட்டும் இல்லை. மெயினுக்கு 2 மாட்யூல், ஆர்.சி.சி.பி.க்கு 6, ஆர்.சி.பி.ஓ.வுக்கு 2, எம்.சி.பி.க்கு எட்டோ பத்தோ என்று கூட்டினால் 18, 20 ஆகிவிடும். வழக்கமாக மாட்டும் 12 வழி பாக்ஸ் போதாது, இரண்டு வரிசை பாக்ஸ் வேண்டும். சுவரை வெட்டுவதற்கு முன்பே இதை முடிவு செய்யுங்கள். குழுவுக்கு ஒரு நியூட்ரல் பட்டை தேவை. பாக்ஸோடு ஒன்றுதான் வரும், மற்றதைத் தனியே வாங்கி மாட்ட வேண்டும்.

நியூட்ரல்தான் இந்த வழியின் கண்ணிவெடி. முதல் குழுவில் பேஸ் எடுத்து, இரண்டாவது குழுவின் நியூட்ரலில் திருப்பிவிட்டால், சுவிட்ச் போட்ட மறுநொடி இரண்டும் விழும். "கருவி ரிப்பேர்" என்று கடைக்குத் திருப்பி அனுப்பப்படுபவற்றில் பல இந்தக் கதைதான். எங்கே கலக்கும் என்றால், பெரும்பாலும் மாடிப்படி லைட்டில். கீழே ஒரு சுவிட்ச், மேலே ஒரு சுவிட்ச். பேஸ் தரைத்தளத்திலிருந்து, நியூட்ரல் மாடியிலிருந்து. அடுத்தது சுவிட்ச் போர்டில் பக்கத்து லைனிலிருந்து நியூட்ரலை "லூப்" அடித்துக்கொள்வது. புது வீட்டில் பைப்புக்குள் வயர் இழுக்கும்போதே லைனுக்கு ஒரு நியூட்ரல் என்று சொல்லிவிட்டால் தீர்ந்தது. சுற்றுக்கு நூறு இருநூறு அடி கறுப்பு வயர் கூடுதலாகும், அவ்வளவுதான்.

பழைய வீட்டில் முதலில் சோதனை. மெயினை நிறுத்தி, இன்வெர்ட்டரையும் நிறுத்தி, எல்லா பிளக்கையும் கழற்றி, எல்லா சுவிட்சையும் அணைத்து, நியூட்ரல் பட்டையிலிருந்து வயர்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பெயர் எழுதிப் பிரித்து வைக்க வேண்டும். பிறகு மல்டிமீட்டரை கன்டினியூட்டியில் வைத்து இரண்டிரண்டாகத் தொட்டுப் பார்க்க வேண்டும். ஒலித்தால் அந்த இரண்டும் எங்கோ கலந்திருக்கின்றன. கலந்தவற்றைப் பிரிக்க முடிந்தால் நல்லது. முடியாவிட்டால் ஒரே குழுவில் போட்டுவிடுங்கள். இது உரிமம் பெற்ற எலக்ட்ரீஷியன் செய்ய வேண்டிய வேலை.

இன்வெர்ட்டர் இருக்கிறதே?

நம் வீடுகளுக்கே உரிய சிக்கல் இது. இன்வெர்ட்டரிலிருந்து லைட், ஃபேனுக்கு ஒரே ஒரு பேஸ் வயரைத்தான் இழுப்பார்கள், நியூட்ரல் வீட்டினுடையதே. ஆகவே இன்வெர்ட்டர் சொருகியிருக்கும் பிளக்கும், அதிலிருந்து எரியும் விளக்குகளின் நியூட்ரலும் ஒரே ஆர்.சி.சி.பி.யின் கீழ் இருந்தாக வேண்டும். பிளக் பாயிண்ட் ஒரு குழு, லைட் வேறு குழு என்று பிரித்துவிட்டு, இன்வெர்ட்டரைப் பிளக் குழுவில் சொருகினால் இரண்டும் சேர்ந்து விழும்.

இதைவிட முக்கியமானது ஒன்று. ஆர்.சி.சி.பி. விழுந்தால் இன்வெர்ட்டர் அதைக் கரண்ட் கட் என்றே எடுத்துக்கொண்டு பேட்டரிக்கு மாறிவிடும். விளக்கு எரிந்துகொண்டே இருக்கும். ட்ரிப் ஆகியிருக்கிறது, லைன் செத்துவிட்டது என்று நம்பி யாரும் ஹோல்டரில் கை வைக்கக்கூடாது. இன்வெர்ட்டரை அணைத்த பிறகே தொட வேண்டும்.

இன்வெர்ட்டர் லைனுக்கும் முழுப் பாதுகாப்பு வேண்டுமென்றால் அதன் வெளியீட்டில் பேஸ், நியூட்ரல் இரண்டையும் தனியாக எடுத்து, ஒரு 25 ஆம்பியர் 30 மில்லியாம்ப் ஆர்.சி.சி.பி. வழியாக, தனி நியூட்ரல் பட்டைக்குக் கொண்டுபோக வேண்டும். பழைய வயரிங்கில் இது பெரும்பாலும் நடக்காது. புது வீட்டில் தயங்காமல் செய்யலாம்.

வழி 4: ஒவ்வொரு லைனுக்கும் ஆர்.சி.பி.ஓ.

தொழில்நுட்பமாக இதைவிட நல்லது இல்லை. எந்த லைனில் கசிவோ அது மட்டும் விழும். 30 மில்லியாம்பும் அந்த ஒரு லைனுக்கே என்பதால் வீண் ட்ரிப் ஏறக்குறைய இல்லை. பழுதைத் தேட வேண்டியதும் இல்லை. விழுந்து கிடப்பதே விலாசம் சொல்லிவிடும். இரண்டு போல் ஆர்.சி.பி.ஓ. நியூட்ரலையும் சேர்த்து வெட்டும். இதன் அருமை பழுது பார்க்கும்போது தெரியும்.

தடை செலவுதான். ஒரு ஆர்.சி.பி.ஓ.வின் விலை ஏறக்குறைய ஒரு ஆர்.சி.சி.பி.யின் விலை, பத்து லைன் என்றால் பத்து. ஒவ்வொன்றும் இரண்டு மாட்யூல் இடம் பிடிக்கும். ஆகவே எல்லா லைனுக்கும் போடத் தேவையில்லை. விழுந்தால் நஷ்டம் வருகிற லைனுக்கும், விழ அதிக வாய்ப்புள்ள லைனுக்கும் போட்டால் போதும்: ஃபிரிட்ஜ், ஹீட்டர், போர் மோட்டார். மீன் தொட்டி, வீட்டில் வைத்த ஆக்ஸிஜன் கான்சன்ட்ரேட்டர் போன்றவை இருந்தால் அவற்றுக்கும்.

ஹீட்டரைத் தனியாகச் சொல்லக் காரணம் உண்டு. போர் தண்ணீரின் உப்பு எலிமெண்டின் மேல் செதிலாகப் படியும். சூடு வெளியேற முடியாமல் உறை வெடிக்கும். உள்ளே இருக்கும் மக்னீசியம் ஆக்ஸைடு பொடி தண்ணீரை உறிஞ்சிக் கசிய ஆரம்பிக்கும். மாதக்கணக்கில் ஓடாத ஹீட்டர் முதல் நாள் ட்ரிப் ஆவதும் இந்தப் பொடியில் ஏறிய ஈரத்தால்தான்.

போர் மோட்டாரில், தண்ணீருக்குள் இருக்கும் கேபிள் ஜாயிண்ட்தான் கசியும் இடம். 30 மில்லியாம்பில் நிற்காமல் விழுகிறது என்றால் ஜாயிண்டைச் சரி செய்வதே முறை. நீண்ட கேபிளின் இயல்பான கசிவுதான் காரணம் என்று மெகர் (இன்சுலேஷனை அளக்கும் மீட்டர்) வைத்துப் பார்த்து உறுதியான பிறகு, அந்த ஒரு லைனுக்கு மட்டும் 100 மில்லியாம்புக்குப் போகலாம். ஸ்டார்ட்டர் பெட்டிக்கு எர்த் கட்டாயம். தொடுபவர் மேல் ஏறும் மின்னழுத்தம் 50 வோல்ட்டைத் தாண்டாமலிருக்க 100 மில்லியாம்புக்கு எர்த் 500 ஓமுக்குள் இருந்தால் போதும், அதை எந்த நல்ல எர்த் குழியும் தரும்.

வழி 5: பிளக்கில் சொருகுவது

வாடகை வீட்டுக்காரருக்கு டிபி பாக்ஸைத் தொட உரிமை இருக்காது. வீட்டு ஓனர் "இத்தனை வருஷமா யாருக்கும் ஒண்ணும் ஆகலையே" என்பார். அந்த நிலையில் சாக்கெட்டோடு சேர்ந்த அல்லது இடையில் சொருகும் 30 மில்லியாம்ப் அடாப்டர் சும்மா இருப்பதைவிட எவ்வளவோ மேல். வாஷிங் மெஷினுக்கும், தோட்டத்துக்கு இழுக்கும் எக்ஸ்டென்ஷன் பாக்ஸுக்கும், டிரில்லிங் மெஷினுக்கும் போடலாம். சாக்கெட்டுக்குப் பின்னால் உள்ள சுவருக்கும் வயருக்கும் அது காவல் இல்லை. 2 கிலோவாட் ஹீட்டர் எடுப்பது 8.7 ஆம்பியர், 6 ஆம்பியர் அடாப்டரில் அதைச் சொருகக்கூடாது. வாளியில் போடும் ஹீட்டர் ராடுக்கு எது போட்டாலும், ராடு ஓடும்போது தண்ணீரில் கை வைக்கலாம் என்று மட்டும் எண்ண வேண்டாம்.

10 மில்லியாம்ப் கருவிகளும் உண்டு. வீட்டுக் குழுவுக்கு இது சரிவராது, 5 மில்லியாம்பிலேயே விழத் தொடங்கும். ஒரே ஒரு சாதனத்துக்கு மட்டும் என்றால் யோசிக்கலாம்.

ஏ.சி. வகையா, ஏ வகையா

இந்த 'ஏ.சி.' குளிர்சாதனம் இல்லை. கருவியின் மேல் போட்ட குறி. கட்டத்துக்குள் ஒரே ஒரு அலை வரைந்திருந்தால் அது ஏ.சி. வகை: சுத்தமான மாறுமின் கசிவை மட்டும் அறியும். அலைக்குக் கீழே அரை அலைகளும் வரைந்திருந்தால் ஏ வகை. இன்வெர்ட்டர் வாஷிங் மெஷின், இண்டக்‌ஷன் அடுப்பு, இன்வெர்ட்டர் ஏ.சி. போன்றவற்றில் மின்னணுப் பகுதி பழுதானால் கசிவு அரை அலையாக வரும். அது ஏ.சி. வகையின் கோரை ஒரு பக்கமாகக் காந்தமேற்றி மந்தமாக்கிவிடும். கருவி இருந்தும் விழாது. இன்றைய வீட்டில் இப்படிப்பட்ட சாதனம் ஒன்றாவது இருக்கும் என்பதால் விலை வித்தியாசத்தைப் பார்க்காமல் ஏ வகையே வாங்குங்கள். எலக்ட்ரிக் கார் சார்ஜருக்கு இதுவும் போதாது. சார்ஜருக்குள்ளேயே 6 மில்லியாம்ப் டி.சி. கசிவைக் கண்டறியும் வசதி இருந்தால் ஏ வகை, இல்லையென்றால் அந்தக் கசிவையும் அறியும் பி வகை; அதுவும் தனி லைனில். ஐ.எஸ். 12640 என்ற எண்ணும் ஐ.எஸ்.ஐ. முத்திரையும் இல்லாத கருவியை வாங்க வேண்டாம்.

மாட்டிய பிறகு

டெஸ்ட் பட்டனை மாதம் ஒருமுறை அழுத்துங்கள். உள்ளே உள்ள கொக்கி நாட்பட்டால் இறுகிக்கொள்ளும்; அழுத்தினால்தான் இளகும். பட்டன் கருவியை மட்டுமே சோதிக்கிறது, எர்த்தைச் சோதிப்பதில்லை. எர்த் வயரே இல்லாத வீட்டிலும் பட்டன் அழகாக வேலை செய்யும்.

பேஸுக்கும் எர்த்துக்கும் இடையே பல்பைப் பிடித்து "பாருங்க, விழுது" என்று காட்டும் பழக்கம் சிலரிடம் இருக்கிறது. எர்த் வயர் எங்காவது அறுந்திருந்தால், அந்தப் பல்பு வழியாக வீட்டின் ஃபிரிட்ஜ், கிரைண்டர், ஹீட்டர் பாடிகள் அனைத்திலும் 230 வோல்ட் ஏறும். பல்பு எரியாது, கருவியும் விழாது, கிரைண்டரில் கை வைத்தவர்தான் எர்த். இதற்கென்று ஆர்.சி.டி. (ஆர்.சி.சி.பி., ஆர்.சி.பி.ஓ. இரண்டுக்கும் பொதுப்பெயர்) டெஸ்டர் இருக்கிறது. அதில் அரை மடங்கில் விழாமல் இருக்க வேண்டும், ஒரு மடங்கிலும் ஐந்து மடங்கிலும் சொன்ன நேரத்துக்குள் விழ வேண்டும்.

விழுந்து நிற்காத கருவியைக் கண்டால் டைரக்ட் பண்ணுவதற்கு முன் கால் மணி நேரம் செலவிடுங்கள். எல்லா எம்.சி.பி.யையும் கீழே இறக்கி, ஆர்.சி.சி.பி.யை ஏற்றி, ஒவ்வொன்றாகத் தூக்குங்கள். எதில் விழுகிறதோ அந்த லைனின் பிளக்குகளைக் கழற்றி மறுபடி. எல்லா எம்.சி.பி.யும் கீழே இருந்தும் விழுகிறதா? அப்போது ஏதோ ஒரு நியூட்ரல் எர்த்தைத் தொடுகிறது. ஒற்றைப் போல் எம்.சி.பி. நியூட்ரலை வெட்டாது என்பதால் அணைத்தும் பயனில்லை. படம் மாட்ட அடித்த ஆணி, சாக்கெட்டில் நசுங்கிய வயர், நியூட்ரல் முனையில் உடைந்த ஹீட்டர் எலிமெண்ட் என்று தேட வேண்டும். சாதனங்களைக் கழற்றியும் தீராவிட்டால், மெயினை நிறுத்தி நியூட்ரல் வயர்களை ஒவ்வொன்றாகப் பட்டையிலிருந்து எடுத்து 500 வோல்ட் மெகரில் எர்த்தோடு சோதிக்க வேண்டும். ஒரு மெகாஓமுக்குக் கீழே காட்டுவதுதான் குற்றவாளி. லோடு ஏறும்போது மட்டும் விழுவதும், அணைத்திருந்தால் நிற்பதும் இந்த நியூட்ரல்-எர்த் தொடர்பின் அடையாளமே.

சாக்கெட்டில் எர்த் பின்னையும் நியூட்ரல் பின்னையும் சின்ன வயரால் இணைத்து "எர்த் கொடுத்துட்டேன்" என்று போகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஆர்.சி.சி.பி. மாட்டியதும் அந்த வீட்டில் அது நிற்கவே நிற்காது. அங்கே கருவி சொல்வதுதான் சரி. நியூட்ரல் எங்காவது அறுந்தால், அந்தச் சின்ன வயர் வழியாகப் பேஸ் நேராகச் சாதனத்தின் பாடிக்கு வந்துவிடும். முதலில் அந்த வயரைக் கழற்றி, உண்மையான எர்த் இழுத்துவிட்டு, பிறகு ட்ரிப்பரை ஏற்றுங்கள்.